டெல்டாவிலிருந்து வானியற்பியல் ஆராய்ச்சிக்கு: பதினொன்றாம் வகுப்பு முதல் பேராசிரியர் பணி வரை

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களில் படித்துக்கொண்டு, வானியற்பியலாளர் ஆக வேண்டும் என்று நினைக்கும் மாணவர்களுக்காகவும் அவர்களின் பெற்றோருக்காகவும் இதை எழுதுகிறேன். இதே பகுதியில் பி.எஸ்சி. படித்து, பிஎச்.டி., போஸ்ட்டாக் என்று போய்விட்டு, இப்போது கல்லூரியில் இயற்பியல் நடத்துகிறேன். ஆண்டுதோறும் சில பிள்ளைகள் வழி கேட்டு வருகிறார்கள். நல்ல மூளை, நல்ல உழைப்பு. ஆனால் வந்து நிற்கும்போது பெரும்பாலும் விண்ணப்பத் தேதி போயிருக்கும், அல்லது அந்தப் படிக்கு முன்னால் முடித்திருக்க வேண்டிய ஏதோ ஒன்று விடுபட்டிருக்கும்.

அதனால் வரிசையைத்தான் இங்கே அழுத்திச் சொல்கிறேன். நீங்கள் இப்போது எந்தப் படியில் இருக்கிறீர்களோ, அதற்கு அடுத்த படியையும் சேர்த்துப் படியுங்கள். தேதிகள் ஆண்டுக்கு ஆண்டு சில வாரம் முன்பின் ஆகலாம். மாதம் பெரிதாக மாறுவதில்லை.

1. கிளம்பும் முன்: வீட்டில் முழுக் கணக்கையும் சொல்லிவிடுங்கள்

ப்ளஸ் டூவுக்குப் பிறகு இளநிலையும் முதுநிலையும் சேர்ந்து 5 ஆண்டு. பிஎச்.டி. 5 முதல் 6 ஆண்டு. அப்புறம் போஸ்ட்டாக் எனப்படும் தற்காலிக ஆராய்ச்சிப் பணி. ஒவ்வொன்றும் 2 அல்லது 3 ஆண்டு, பலர் இரண்டு இடங்களிலாவது செய்கிறார்கள். நிரந்தர வேலை பெரும்பாலும் முப்பது வயதைத் தாண்டித்தான்.

இதை முதலிலேயே சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. "சயின்டிஸ்ட் ஆகப் போகிறேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனவர்களை, பிஎச்.டி. மூன்றாம் ஆண்டில் "இன்னும் எவ்வளவு நாள்?" என்று வீடு கேட்கும். பெண் பிள்ளைகளுக்கு அதே சமயத்தில் கல்யாணப் பேச்சும் ஆரம்பிக்கும். ஆய்வு மிகவும் கடினமாக இருக்கும் காலமும் அதுதான். முன்கூட்டியே தெரிந்த வீடு அந்த ஆண்டில் துணையாக நிற்கிறது, இதை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன்.

பணத்தைப் பற்றியும் தெளிவாகச் சொல்லுங்கள். பிஎச்.டி. மாணவர்களுக்குக் கிடைக்கும் ஜேஆர்எஃப் உதவித்தொகை 2023 ஜனவரி முதல் மாதம் 37,000 ரூபாய். இரண்டு ஆண்டுக்குப் பின் 42,000. வீட்டு வாடகைப் படி தனி. ஆக, வீட்டின் மேல் சுமை முதல் ஐந்து ஆண்டுக்குத்தான். பிஎச்.டி. என்றால் இன்னும் கைக்காசு போட்டுப் படிக்க வேண்டும் என்று நினைத்துத் தயங்கும் பெற்றோர் நிறையப் பேர்.

2. பதினொன்றாம் வகுப்பு: கணக்கு இல்லாத குரூப்பில் சேராதீர்கள்

இயற்பியல், வேதியியல், கணக்கு மூன்றும் இருக்கும் குரூப் எதுவானாலும் சரி. நான்காவது பாடம் உயிரியலா கணினி அறிவியலா என்பது அவ்வளவு முக்கியமில்லை. டாக்டர் கனவில் தாவரவியல், விலங்கியல் குரூப் எடுத்துவிட்டு, ப்ளஸ் டூ முடிவில் மனம் மாறி வருபவர்களுக்குப் பதில் சொல்வது கஷ்டமாக இருக்கிறது. கணக்கு இல்லாமல் இயற்பியல் பட்டப்படிப்புக்குள் நுழைவதே பல இடங்களில் முடியாது.

தமிழ் வழியில் படிப்பவர்கள் தமிழ் வழியிலேயே தொடரலாம். ஒன்று மட்டும் செய்யுங்கள்: ஒவ்வொரு பாடம் முடிந்ததும் அதே பாடத்தை ஆங்கிலப் பாடநூலில் ஒருமுறை வாசியுங்கள். இரண்டு நூல்களும் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. பொருள் ஏற்கெனவே புரிந்திருப்பதால் சொற்கள் மட்டும்தான் புதிதாக இருக்கும். கல்லூரியில் போய் இரண்டையும் ஒரே நேரத்தில் சமாளிப்பதைவிட இது எவ்வளவோ எளிது.

3. ப்ளஸ் டூ ஆண்டு: ஒரே வாசலை நம்பாதீர்கள்

"பி.எஸ்சி. வானியல் எங்கே இருக்கிறது?" என்பதுதான் அதிகம் கேட்கப்படும் கேள்வி. அதைத் தேட வேண்டாம். இந்தத் துறைக்கு அடித்தளம் இயற்பியலும் கணக்கும். வானியல் என்ற பெயர் பட்டத்தில் இல்லாததால் பின்னால் யாரும் தடுக்கப்போவதில்லை. மின்காந்தவியலும் குவாண்டம் இயக்கவியலும் பலவீனமாக இருந்தால் கண்டிப்பாகத் தடுக்கப்படுவீர்கள்.

ஐசர் எனப்படும் மத்திய அரசின் அறிவியல் கல்வி, ஆராய்ச்சி நிறுவனங்களின் ஐந்தாண்டு பிஎஸ்-எம்எஸ் படிப்புக்கு ஐஏடி என்ற தேர்வு. நமக்குப் பக்கத்தில் இருப்பவை திருப்பதியும் திருவனந்தபுரமும். 3 மணி நேரம், 60 கேள்வி. இயற்பியல், வேதியியல், கணக்கு, உயிரியல் ஒவ்வொன்றிலும் 15. சரியான விடைக்கு 4 மதிப்பெண், தவறுக்கு 1 குறையும். கணினி அறிவியல் குரூப் பிள்ளைகள் உயிரியலைப் பார்த்துப் பயந்து விண்ணப்பிக்காமலே விட்டுவிடுகிறார்கள். மற்ற மூன்றில் நன்றாகச் செய்தால் அதை ஈடுகட்ட முடியும்.

புவனேஸ்வரில் இருக்கும் நைசர் என்ற தேசிய அறிவியல் கல்வி நிறுவனத்துக்கு நெஸ்ட் தேர்வு. திருவனந்தபுரத்தில் விண்வெளித் துறையின் கீழ் இருக்கும் ஐஐஎஸ்டி நிறுவனத்துக்கு ஜேஇஇ அட்வான்ஸ்டு. திருவாரூர் நீலக்குடியில் இருக்கும் மத்தியப் பல்கலைக்கழகத்துக்கு க்யூட் எனும் பொது நுழைவுத் தேர்வு. க்யூட் தேர்வையும் ஜேஇஇ மெயினையும் தமிழிலேயே எழுதலாம் என்பது பல பள்ளிகளில் சொல்லப்படுவதில்லை. ஐஏடி தமிழில் வராது.

இவை எதுவும் கிடைக்கவில்லை என்றால்? கும்பகோணம் அரசுக் கல்லூரி, தஞ்சாவூர் மன்னர் சரபோஜி கல்லூரி, மன்னம்பந்தல், பூண்டி என்று நம் பக்கத்தில் பி.எஸ்சி. இயற்பியலுக்கு இடம் இருக்கிறது. அங்கிருந்தும் இதே பாதையில் சேரலாம், எட்டாம் படியில் சொல்கிறேன். பிடிக்காத பொறியியல் பிரிவில் நான்கு ஆண்டைச் செலவழிப்பதைவிட, வீட்டுக்குப் பக்கத்தில் பி.எஸ்சி. படித்து மிச்சமாகும் நேரத்தில் கணக்குப் போட்டுப் பழகுவது எவ்வளவோ மேல் என்பது என் கருத்து. ஏற்கெனவே பொறியியலில் இருப்பவர்களும் பயப்பட வேண்டாம்; புனேயில் இருக்கும் வானியல் ஆய்வு மையமான ஐயூகா, பெங்களூரு இந்திய அறிவியல் கழகமான ஐஐஎஸ்சியின் கூட்டு வானியல் திட்டம் போன்றவை பி.இ. பட்டதாரிகளையும் பிஎச்.டி.க்கு எடுக்கின்றன.

4. சான்றிதழும் பெயரும்: கவுன்சலிங் வரும் வரை காத்திருக்காதீர்கள்

நம் பிள்ளைகள் கையில் இருப்பது மாநில அரசின் பிசி அல்லது எம்பிசி சாதிச் சான்றிதழ். மத்திய நிறுவனங்களில் அது செல்லாது. மத்திய அரசுப் படிவத்தில், கிரீமிலேயர் (வசதி படைத்த பிரிவு) அல்லாத ஓபிசி என்று தனியாக வாங்க வேண்டும். பெரும்பாலான இடங்களில் அந்த ஆண்டு ஏப்ரல் 1க்குப் பிறகு வழங்கிய சான்றிதழைத்தான் கேட்கிறார்கள். ஆகவே ஏப்ரல் முதல் வாரத்திலேயே இ-சேவை மையத்துக்குப் போய்விடுங்கள். விஏஓ, ஆர்ஐ, தாசில்தார் என்று ஒவ்வொரு மேசையும் தாண்டி வர நாளாகும்.

முதலில் உங்கள் சாதி மத்திய ஓபிசி பட்டியலில் இருக்கிறதா என்று பாருங்கள். மாநிலப் பட்டியலில் இருக்கும் எல்லாமே அதில் இல்லை. 8 லட்சம் ரூபாய் வருமான வரம்பைக் கணக்கிடும்போது விவசாய வருமானத்தைச் சேர்ப்பதில்லை. இது தெரியாமல் "நமக்குக் கிடைக்காது" என்று விட்டுவிட்ட விவசாயக் குடும்பங்கள் உண்டு.

அடுத்தது பெயர். மார்க்‌ஷீட்டில் இனிஷியல் முன்னால், ஆதாரில் பின்னால், வங்கிக் கணக்கில் அப்பா பெயர் விரித்து எழுதியபடி என்று மூன்று விதமாக இருந்தால் ஒவ்வொரு விண்ணப்பத்திலும் சிக்கும். பத்தாம் வகுப்பு மார்க்‌ஷீட்டில் எப்படி இருக்கிறதோ, மற்ற எல்லாவற்றையும் அதற்குப் பொருத்தமாகக் கொண்டுவாருங்கள். இந்தப் பெயர் விஷயம் பன்னிரண்டாம் படியில் திரும்பவும் வரும்.

5. பி.எஸ்சி. முதல் இரண்டு ஆண்டு: கணக்கு, நிரல், வானம்

செமஸ்டர் தேர்வுக்குத் தருவிப்புகளை மனப்பாடம் செய்து எழுதினாலே நல்ல மதிப்பெண் வந்துவிடுகிறது. பிறகு எழுதப்போகும் எந்த நுழைவுத் தேர்வும் அப்படி இருக்காது. ஒவ்வொரு வாரமும், அந்த வாரம் வகுப்பில் நடந்த பாடத்திலிருந்து விடை தெரியாத புதிய கணக்குகளைப் போட்டுப் பாருங்கள். ஐஐடி பேராசிரியர்கள் நடத்தும் என்பிடெல் இணைய விரிவுரைகள் இலவசம். ஆனால் வீடியோ பார்ப்பதைப் படிப்பு என்று எண்ண வேண்டாம். பார்த்துவிட்டுத் தாளில் போட்டால்தான் கையில் நிற்கும்.

இரண்டாவது, பைத்தான். வானியற்பியலில் இன்று நிரல் எழுதாமல் எந்த வேலையும் நடக்காது. மடிக்கணினி இல்லையென்றால் கல்லூரிக் கணினி அறையில் கூகுள் கோலாப் போதும், எதையும் நிறுவ வேண்டியதில்லை. நம்பை, மேட்பிளாட்லிப், ஆஸ்ட்ரோபை என்ற வரிசையில் கற்றுக்கொள்ளுங்கள். ஆஸ்ட்ரோபையில் நேராகக் குதிப்பவர்கள் அணிகளைக் கையாளத் தெரியாமல் பாதியில் நின்றுவிடுகிறார்கள்.

மூன்றாவது, வானத்தைக் கண்ணால் படிப்பது. நாம் ஏறக்குறைய 11 பாகை வட அட்சத்தில் இருக்கிறோம். துருவ நட்சத்திரம் வடக்கே தாழ்வாகத் தெரியும். பதிலுக்குத் தென் வானம் நன்றாகத் திறந்திருக்கும். அகத்திய நட்சத்திரத்தையும், ஏப்ரல், மே மாதங்களில் தென்சிலுவையையும் கோடியக்கரை, வேதாரண்யம் பக்கக் கடற்கரையிலிருந்து வசதியாகப் பார்க்கலாம். ஐப்பசி, கார்த்திகையில் மழை. தை முதல் சித்திரை வரை நல்ல காலம். எந்த மாதம் எந்த விண்மீன் இரவில் இருக்கும் என்பது மனதில் பதிந்திருந்தால், தொலைநோக்கியில் நேரம் கேட்டு எழுதும் காலத்தில் அது பெரிய உதவி. ஸ்டெல்லேரியம் செயலியை வைத்துச் சரிபார்த்துக்கொள்ளலாம்.

6. முதல் ஆய்வு: கார்த்திகைக் கூட்டத்தை நீங்களே அளந்து பாருங்கள்

கோடைகால ஆய்வுக்கு விண்ணப்பிக்கும் முன் சொந்தமாக ஒரு சிறு வேலை முடித்திருக்க வேண்டும். "ஆர்வம் உண்டு" என்று எழுதுபவர் ஆயிரம் பேர். "இதைச் செய்தேன், இந்த இடத்தில் இடித்தது" என்று எழுதுபவர் குறைவு. நான் எல்லாருக்கும் கொடுக்கும் பயிற்சி இது.

ஐரோப்பிய விண்வெளி நிறுவனத்தின் கையா விண்கலம் தொகுத்த விண்மீன் தரவு இணையத்தில் எல்லாருக்கும் திறந்திருக்கிறது. கார்த்திகைக் கூட்டத்தின் மையம் வல ஏற்றம் 56.75 பாகை, நடுவரை விலக்கம் வடக்கே 24.12 பாகை. பூமியில் தீர்க்கமும் அட்சமும் போல, வானத்தில் இடம் சொல்லும் எண்கள் இவை. அதைச் சுற்றி 2 பாகை ஆரத்தில் இருக்கும் விண்மீன்களை இறக்குங்கள். ஆயிரக்கணக்கில் வரும். அவற்றில் பெரும்பாலானவை கூட்டத்தைச் சேர்ந்தவை இல்லை. முன்னாலோ பின்னாலோ இருப்பவை.

முதலில் பாரலாக்ஸ் எனும் இடமாறு கோணத்தால் வடிகட்டுங்கள். பூமி சூரியனைச் சுற்றும்போது விண்மீன் சற்று நகர்வது போலத் தெரியும் கோணம் அது; தூரம் கூடக் கூடக் குறையும். இந்தக் கூட்டத்துக்கு அது 7.4 மில்லி ஆர்க்செகண்டை ஒட்டி இருக்கும் (ஒரு பாகையில் 3600இல் ஒரு பங்கு ஆர்க்செகண்ட், அதில் ஆயிரத்தில் ஒரு பங்கு மில்லி ஆர்க்செகண்ட்), 6.9 முதல் 7.8 வரை வைத்துக்கொள்ளலாம். அடுத்து, வானத்தில் அவை நகரும் வேகத்தால் வடிகட்டுங்கள்: ஆண்டுக்குக் கிழக்கே சுமார் 20, தெற்கே சுமார் 45 மில்லி ஆர்க்செகண்ட். ஒரே மேகத்தில் பிறந்தவை ஒன்றாகவே நகர்கின்றன, அதனால்தான் இந்த வடிகட்டல் வேலை செய்கிறது. 1000ஐ 7.4 ஆல் வகுத்தால் 135 பார்செக், அதாவது சுமார் 440 ஒளியாண்டு. கூட்டத்தின் தூரத்தை நீங்களே கண்டுபிடித்துவிட்டீர்கள்.

பிறகு நிறத்தைக் கிடை அச்சிலும் பிரகாச எண்ணைச் செங்குத்து அச்சிலும் வைத்து வரைபடம் போடுங்கள். வடிகட்டும் முன் ஒரு மேகம் போலக் கிடந்தது, வடிகட்டியபின் தெளிவான ஒரு பட்டையாக எழுந்து நிற்கும். அந்தப் பட்டையின் மேல்முனையில் சூடான நீல விண்மீன்கள் இன்னும் இருப்பதைப் பாருங்கள். அத்தகைய விண்மீன்கள் எரிபொருளைச் சீக்கிரம் தீர்த்துவிடும். அவை இன்னும் எரிகின்றன என்றால் கூட்டம் இளமையானது.

இங்கே எல்லாரும் செய்யும் தவறுகள் மூன்று. பிரகாச எண் குறைந்தால் விண்மீன் பிரகாசமானது என்பதை மறந்து அச்சைத் தலைகீழாக்காமல் விடுவது. அளவீட்டுப் பிழையால் சில விண்மீன்களுக்கு பாரலாக்ஸ் எதிர்மறையாக வரும்; அதைக் கவனிக்காமல் வகுத்து, எதிர்மறைத் தூரம் வாங்குவது. மூன்றாவது, அழகான படம் வரும்வரை வடிகட்டியை இறுக்கிக்கொண்டே போவது. ஒவ்வொரு எல்லையையும் ஏன் அங்கே வைத்தீர்கள் என்று ஒரு வரி எழுதி வையுங்கள். பிஎச்.டி. முழுக்கத் தேவைப்படும் பழக்கம் அது.

7. கோடைகால ஆய்வு: மழைக்காலத்தில் விண்ணப்பம், வெயில் காலத்தில் வேலை

இந்தியாவின் மூன்று அறிவியல் அகாடமிகள் சேர்ந்து நடத்தும் கோடைகால ஆய்வு உதவித்தொகைக்கு நவம்பர் வாக்கில் விண்ணப்பம் முடிந்துவிடும். பெங்களூரு இந்திய வானியற்பியல் நிறுவனமான ஐஐஏ, ராமன் ஆய்வுக் கழகம், புனே ஐயூகா, அங்கேயே இருக்கும் ரேடியோ வானியல் மையமான என்சிஆர்ஏ ஆகியவையும் மாணவர்களை எடுக்கின்றன. மே மாதம் செய்யும் வேலைக்கு முந்தைய மழைக்காலத்திலேயே விண்ணப்பிக்க வேண்டும் என்பது பலருக்கு மார்ச்சில்தான் தெரிகிறது.

நம் பகுதியில் இன்னொன்றும் உண்டு. அந்த மாதங்களில்தான் புயல், மழை, மின்தடை எல்லாம். 2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் கரையைக் கடந்தபோது பல ஊர்களில் வாரக்கணக்கில் மின்சாரம் இல்லை. கடைசி நாள் வரை வைத்திருக்காமல் இரண்டு வாரம் முன்னதாகவே அனுப்பிவிடுங்கள்.

பரிந்துரைக் கடிதம் வேண்டும். துறைத் தலைவர் என்பதற்காக அவரிடம் போகாதீர்கள். உங்கள் வேலையைப் பார்த்த ஆசிரியரிடம் கேளுங்கள். "நல்ல மாணவர், ஒழுக்கமானவர்" என்ற கடிதத்தால் எந்தப் பயனும் இல்லை. ஆறாம் படியில் செய்த வேலையின் ஒரு பக்கச் சுருக்கத்தை அவரிடம் கொடுத்து, மூன்று வாரம் முன்பே சொல்லிவிட்டு, கடைசித் தேதிக்கு ஐந்து நாள் முன் பணிவாக நினைவூட்டுங்கள். பல ஆசிரியர்களுக்கு இது பழக்கமில்லாத வேலை. கல்லூரி மின்னஞ்சல் முகவரியிலிருந்து அனுப்பச் சொல்லுங்கள்.

8. முதுநிலை: ஜாம் தேர்வு

பக்கத்துக் கல்லூரியில் பி.எஸ்சி. படித்தவருக்குத் தேசிய நிறுவனங்களுக்குள் போகப் பெரிய வாசல் இது. விண்ணப்பம் செப்டம்பர், அக்டோபரில், தேர்வு பிப்ரவரியில். மூன்றாம் ஆண்டு முடித்துவிட்டு யோசிப்பவர்களுக்கு ஓர் ஆண்டு போய்விடும். இரண்டாம் ஆண்டுக் கோடை விடுமுறையில் தயாரிப்பைத் தொடங்குங்கள்.

3 மணி நேரம், 60 கேள்வி, 100 மதிப்பெண். அதில் பல விடை தேர்வுக்கும் (ஒன்றுக்கு மேற்பட்ட விடை சரியாக இருக்கலாம்) எண் விடைக்கும் சேர்த்து 50 மதிப்பெண்; அவற்றுக்குக் குறைப்பு இல்லை. ஒரு விடை தேர்வுப் பகுதியில் மட்டும்தான் தவறுக்குக் குறைப்பார்கள். எனவே குறைப்பு இல்லாத பகுதியில் எதையும் வெறுமையாக விடாதீர்கள்.

இந்த மதிப்பெண்ணை வைத்து ஐஐடிகள், திருச்சி உள்ளிட்ட என்ஐடிகள், ஐஐஎஸ்சியின் ஒருங்கிணைந்த பிஎச்.டி. ஆகியவற்றுக்கு முயலலாம். சம்பா அறுவடையும் பிப்ரவரித் தேர்வும் பல வீடுகளில் ஒன்றோடொன்று மோதும். விவசாய வீட்டுப் பிள்ளைகள் இதை ஆவணியிலேயே வீட்டில் பேசிவிடுவது நல்லது, களத்து வேலைக்கு மாற்றாள் பார்க்க அவகாசம் இருக்கும்.

அரியர் வைக்காதீர்கள். மதிப்பெண் சதவீதம் 60க்குக் கீழே போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள். நுழைவுத் தேர்வில் நல்ல இடம் வாங்கியும் சதவீதத்தால் நேர்காணலுக்கு அழைக்கப்படாதவர்கள் இருக்கிறார்கள்.

9. பிஎச்.டி. நுழைவு: முதுநிலை இரண்டாம் ஆண்டின் நாட்காட்டி

எம்.எஸ்சி. இறுதி ஆண்டில் இருக்கும்போதே எல்லாவற்றையும் எழுதலாம். மும்பை டாடா ஆராய்ச்சி நிறுவனமான டிஐஎஃப்ஆரின் தேர்வு டிசம்பரில், கேட் பிப்ரவரியில், ஜெஸ்ட் அதை ஒட்டி. ஜேஆர்எஃப் வாங்கித் தரும் சிஎஸ்ஐஆர் நெட் ஆண்டுக்கு இரண்டு முறை. ஒரே தயாரிப்பு எல்லாவற்றுக்கும் உதவும், எனவே ஒன்றை மட்டும் நம்பி இருக்க வேண்டியதில்லை. பெண்களுக்கும் பட்டியல் இனத்தவருக்கும் பல தேர்வுகளில் கட்டணச் சலுகை உண்டு.

நெட் தேர்வில் மொத்தம் 200 மதிப்பெண். அதில் சரிபாதி மூன்றாம் பகுதியில் இருக்கிறது, 20 கேள்விக்கு 100. நிறையப் பாடங்களை மேலோட்டமாகத் தொட்டவர்கள் அங்கேதான் விழுகிறார்கள். இயக்கவியல், மின்காந்தவியல், குவாண்டம், புள்ளியியல் இயக்கவியல், கணித முறைகள் ஆகிய ஐந்தையும் ஆழமாகப் படித்தாலே அந்தப் பகுதியில் நின்றுவிடலாம்.

வெளிநாட்டுக்கு என்றால் ஐரோப்பாவில் முதுநிலைப் பட்டம் கட்டாயம் என்று வைத்துக்கொள்ளுங்கள். விண்ணப்பக் காலம் அக்டோபர், நவம்பர். அமெரிக்காவுக்கு டிசம்பர். கடவுச்சீட்டை அதற்கு முன்பே எடுத்துவிடுங்கள்.

10. நேர்காணல்

நேர்காணல்கள் மே, ஜூனில் வரும். மயிலாடுதுறை, கும்பகோணம், தஞ்சாவூர் வழியாகப் போகும் மைசூர் எக்ஸ்பிரஸில் ஏறினால் காலையில் பெங்களூரு. கோடை விடுமுறை நெரிசலில் டிக்கெட் கிடைக்காது, அழைப்பு வந்த அன்றே முன்பதிவு செய்யுங்கள்.

"கருந்துளை பற்றி ஆராய விரும்புகிறேன்" என்று தொடங்குபவரிடம் அவர்கள் கருந்துளையைக் கேட்க மாட்டார்கள். பூமி சூரியனைச் சுற்றும் தூரத்தையும் காலத்தையும் கொடுத்துச் சூரியனின் நிறையைக் கேட்பார்கள். காவலூர் வானாய்வகத்தில் இருக்கும் 2.34 மீட்டர் தொலைநோக்கியின் பிரித்தறி திறன், அதாவது அது பிரித்துக் காட்டக்கூடிய மிகச் சிறிய கோணம், என்ன என்பார்கள். கணக்குப்படி கண்ணுறு ஒளியில் சுமார் 0.06 ஆர்க்செகண்ட் வரும். அத்தோடு நிறுத்தாமல், காற்றின் கலக்கத்தால் நடைமுறையில் ஓர் ஆர்க்செகண்டைவிட நன்றாகக் கிடைப்பதே அரிது என்று சொல்பவரைக் குழு கவனிக்கும்.

ஆங்கிலம் தடுமாறினால் பரவாயில்லை, கரும்பலகையில் கை ஓடினால் போதும். ஒரு மாதம் முன்பிருந்தே ஒரு நண்பரை எதிரில் உட்கார வைத்துச் சத்தமாகச் சொல்லிக்கொண்டே கணக்குப் போடுங்கள். தெரியாததைத் தெரியாது என்று சொல்லிவிட்டு, தெரிந்த இடத்திலிருந்து முயன்று பாருங்கள். மௌனமாக நிற்பதுதான் கெடுதல்.

இறுதி செமஸ்டர் முடிவு தாமதமாகும் பல்கலைக்கழகமாக இருந்தால், கல்லூரியிலிருந்து போனஃபைடு சான்றிதழும் அதுவரையிலான மார்க்‌ஷீட்டுகளும் கையில் இருக்கட்டும். இறுதி முடிவைச் சேர்ந்தபின் அளிக்க அவகாசம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

11. கைடைத் தேர்ந்தெடுப்பது

நிறுவனத்தின் பெயரைவிட இது முக்கியம். அவரிடம் இதுவரை முடித்த மாணவர்கள் எத்தனை பேர், எத்தனை ஆண்டில் முடித்தார்கள், இப்போது எங்கே இருக்கிறார்கள் என்று பாருங்கள். நாசாவின் ஏடிஎஸ் என்ற ஆய்வுக் கட்டுரைத் தேடல் தளத்தில் அவர் பெயரைப் போட்டால் மாணவர்கள் முதல் ஆசிரியராக எழுதிய கட்டுரைகள் தெரியும். இப்போது அவரிடம் இருக்கும் மாணவர்களோடு தனியாகப் பேசுங்கள். தலைப்பின் கவர்ச்சிக்காக மட்டும் சேர்ந்தவர்கள்தான் அதிகம் பாதியில் மாறுகிறார்கள். முதல் ஆண்டு பாட வகுப்புகளின்போது இரண்டு பேரிடம் சிறு திட்டங்கள் செய்ய வாய்ப்பு கிடைத்தால் கட்டாயம் செய்து பாருங்கள்.

12. பிஎச்.டி.க்குள்: தரவு, தொலைநோக்கி நேரம், முதல் கட்டுரை

முதல் ஆண்டிலேயே பொதுத் தரவோடு ஒரு வேலையைத் தொடங்குங்கள். இஸ்ரோ 2015இல் அனுப்பிய ஆஸ்ட்ரோசாட் வானியல் செயற்கைக்கோள், புனே அருகே நாராயண்காவ் பக்கம் இருக்கும் ஜிஎம்ஆர்டி ரேடியோ தொலைநோக்கி இரண்டிலும் பழைய தரவுகள் எடுத்துப் பயன்படுத்தும்படி கிடைக்கின்றன. சொந்த அவதானிப்புக்காக மட்டும் காத்திருந்தால் ஒரு மழைக்காலம் முழு ஆண்டையும் விழுங்கிவிடும்.

தொலைநோக்கி நேரத்துக்கு முன்மொழிவு எழுதும்போது புதியவர்கள் செய்யும் முதல் தவறு, இலக்கு அந்த மாதத்தில் இரவில் இருக்கிறதா என்று பார்க்காமல் விடுவது. மார்கழி ஆருத்ரா தரிசனத்தன்று முழுநிலவு திருவாதிரைக்குப் பக்கத்தில் இருக்கும். அப்படியானால் சூரியன் அதற்கு எதிர்ப்பக்கம். அந்த விண்மீன் இரவு முழுக்கத் தெரியும். அரை ஆண்டு கழித்து ஆனியில் சூரியன் அந்தப் பக்கமே வந்துவிடும். ஜூன் மாதத்துக்கு அந்தப் பகுதியைக் கேட்டு எழுதினால் முன்மொழிவு படிக்கப்படாமலே போகும். ஜிஎம்ஆர்டிக்கு ஆண்டுக்கு இரண்டு சுற்று. ஒன்றில் தவறினால் ஆறு மாதம் காத்திருப்பு.

முதல் கட்டுரை வருமுன் பெயரை முடிவு செய்யுங்கள். கடவுச்சீட்டில் அப்பா பெயர் குடும்பப் பெயராக ஏறியிருந்தால், ஆய்வுப் பட்டியல்கள் உங்களை அப்பா பெயரிலேயே வரிசைப்படுத்தும். ஒரு கட்டுரையில் இனிஷியல், இன்னொன்றில் விரிந்த பெயர் என்று வந்தால் இரண்டு வெவ்வேறு ஆட்களாகப் பதிவாகும். ஒரே வடிவத்தைத் தேர்ந்து, ஆய்வாளருக்கான தனி அடையாளமான ஆர்கிட் எண் ஒன்று எடுத்து, கடைசி வரை மாற்றாதீர்கள்.

மூன்றாம் ஆண்டு முடிவதற்குள் முதல் ஆசிரியராக ஒரு கட்டுரையாவது போயிருக்க வேண்டும். ஏன் என்பது அடுத்த படியில் தெரியும்.

13. போஸ்ட்டாக்: ஆய்வேடு முடியும் முன் விண்ணப்பம்

உலக அளவில் இந்த வேலைகளின் விளம்பரங்கள் பெரும்பாலும் அமெரிக்க வானியல் கழகத்தின் வேலைப் பதிவேட்டில் வருகின்றன. அக்டோபர் முதல் டிசம்பர் வரை விண்ணப்பம். பலவற்றுக்கு முடிவு சொல்லப் பொதுவாக ஏற்றுக்கொண்ட தேதி பிப்ரவரி 15. பணி தொடங்குவது ஆகஸ்ட், செப்டம்பர். ஆக, அடுத்த ஆண்டு செப்டம்பரில் சேர வேண்டுமென்றால் இந்த ஆண்டு அக்டோபரிலேயே கட்டுரைகள் வெளியாகியோ, குறைந்தது ஆர்க்சைவ் எனும் இணையக் கட்டுரைக் களஞ்சியத்தில் ஏறியோ இருக்க வேண்டும்.

மூன்று பரிந்துரைக் கடிதம் கேட்பார்கள். மூன்றும் ஒரே நிறுவனத்திலிருந்து வந்தால் பலம் குறைவு. பிஎச்.டி. நான்காம் ஆண்டுக்குள் வெளியில் ஒருவரோடாவது சேர்ந்து வேலை செய்திருங்கள்.

14. நிரந்தரப் பணி

வயது வரம்பை இப்போதே குறித்து வையுங்கள். மத்திய அரசின் இன்ஸ்பயர் ஆசிரியர் உதவித்தொகை மாதம் 1,25,000 ரூபாய், ஐந்து ஆண்டு. பொதுப் பிரிவுக்கு வரம்பு 32 வயது, பெண்களுக்கும் பட்டியல் இனத்தவருக்கும் தளர்வு உண்டு. இரண்டு போஸ்ட்டாக் முடித்துவிட்டுப் பார்க்கலாம் என்று இருந்தால் வயது கடந்திருக்கும். முதல் போஸ்ட்டாக்கிலிருந்தே விண்ணப்பியுங்கள்.

ஐசர், ஐஐடி போன்ற இடங்களில் உதவிப் பேராசிரியர் முதல் நிலைக்கு பிஎச்.டி.க்குப் பின் மூன்று ஆண்டு அனுபவம் கேட்கிறார்கள். விண்ணப்பத்தில் ஆய்வுத் திட்டமும் கற்பித்தல் திட்டமும் தனித்தனி. ஆய்வுத் திட்டத்தில் பழைய கைடின் வேலையையே நீட்டி எழுதுவது பெரிய தவறு. உங்களுக்கென்று ஒரு கேள்வி இருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள்.

ஊருக்கே திரும்பி அரசுக் கல்லூரியில் பணியாற்ற விரும்பினால், ஆசிரியர் தேர்வு வாரிய அறிவிப்புக்குக் காத்திருக்க வேண்டும். முதுநிலையில் 55 சதவீதமும், நெட் அல்லது மாநிலத் தகுதித் தேர்வான செட் அல்லது பிஎச்.டி.யும் தேவை. கற்பிக்கும் நேரம் அதிகம், ஆய்வு தானாக நடக்காது. சேர்ந்த முதல் ஆண்டிலேயே ஐயூகாவின் வருகைதரு இணையாளர் திட்டத்துக்கு விண்ணப்பியுங்கள். கல்லூரி, பல்கலைக்கழக ஆசிரியர்களுக்காகவே இருப்பது அது; விடுமுறைகளில் புனே போய்த் தங்கி, அங்கிருக்கும் கணினியையும் நூலகத்தையும் பயன்படுத்தி ஆய்வைத் தொடரலாம். விண்ணப்பத்தில் கல்லூரி முதல்வரின் ஒப்புதல் கேட்பார்கள், அதைப் பணியில் சேரும்போதே பேசி வைத்துக்கொள்ளுங்கள்.